எஸ் ஃபார் சூசை!

 அட்டெண்டன்ஸ் எடுக்கலாமா?

நம்ம 'பேரைச் சொல்லவா?' பகுதிக்கு வாராவாரம் வர்ற மெயில்ல பாதி, "அண்ணா, என் பேருக்கு அர்த்தம் சொல்லுங்க" டைப். இந்த வாரம் வந்த ஒண்ணு மட்டும் வேற ரகம். அனுப்பினவர் கணியூர்க்காரர். கோயமுத்தூர் ரோட்டுல டோல்கேட் இருக்கே, அந்தக் கணியூர் இல்லீங்க. உடுமலைக்கு அந்தப் பக்கம், மடத்துக்குளம் தாலுகா, அமராவதித் தண்ணி பாயற கணியூர். பி.காம். கடைசி வருஷம். பேரைப் போட வேண்டாம்னு கேட்டுக்கிட்டதால தம்பின்னே கூப்பிடுவோம்.

தம்பி எழுதினது சுருக்கமா இதுதான்.

"அண்ணா, என் இனிஷியல் எஸ். காலேஜ் சேர்ந்த முதல் நாளே பக்கத்துல உக்காந்திருந்தவன் 'எஸ்ஸுன்னா என்ன மாப்ளே?'ன்னான். டக்குனு வாய்ல வந்தது 'ஸ்டீபன்'. அன்னைக்குப் புடிச்சு எங்கப்பா பேரு ஸ்டீபன் ஆயிருச்சுங்ணா. நெசம் அது இல்ல. அப்பா பேரு சூசை. திருப்பூர்ல பனியன் கம்பெனியில ஓவர்லாக் டெய்லர். இருபது வருசமா அங்கதான். சனிக்கிழமை சம்பளம் வாங்கிட்டு ராத்திரி பஸ்ல வருவாரு, திங்கக்கிழமை விடியக்காலம் போயிருவாரு.

போன மாசம் ஒரு ஃபாரத்துல கையெழுத்தும் இனிஷியலும் தமிழ்லயே வேணும்னாங்க. 'சூ.'ன்னு எழுதினேன். பக்கத்துல இருந்தவன் பாத்துட்டான். அன்னையிலிருந்து நான் கேன்டீனுக்குள்ள காலு வெச்சாலே 'சூ... சூ...'ன்னு கோழி வெரட்டறாங்க. சூசையும் ஜோசப்பும் ஒரே பேருதான்னு சர்ச்சுல சொல்லியிருக்காங்க. கெஜட்டுல அப்பா பேரை ஜோசப்னு மாத்திட்டா என்னங்ணா? இன்னும் அப்பாகிட்ட கேக்கல. கேக்க ஒரு மாதிரியா இருக்குது."

கடைசி வரியைப் படிச்சுட்டு கொஞ்ச நேரம் சும்மா உக்காந்துட்டேன். ஏன்னா நம்மில் பல பேர் இதைச் செஞ்சிருக்கோம். மாடசாமியை 'எம்'முக்குள்ள ஒளிச்சு வெச்சிருக்கோம். கருப்பண்ணனை 'கே'ன்னு சுருக்கியிருக்கோம். இங்கிலீஷ் இனிஷியல்ல ஒரு வசதி, அது முகமூடி மாதிரி. எஸ்ஸுக்குப் பின்னாடி ஸ்டீபனும் நிக்கலாம், சுரேஷும் நிக்கலாம். 2021 டிசம்பர்ல தமிழ்நாடு அரசு 'இனிஷியலையும் தமிழ்லயே எழுதுங்க'ன்னு ஆணை போட்டுச்சு. மொழிக்காகப் போட்ட ஆணை, தம்பியோட முகமூடியைக் கழட்டிருச்சு!

சரி தம்பி, கெஜட் ஃபாரத்தைக் கொஞ்சம் ஓரமா வை. நீ ஒளிச்சு வெச்ச பேரு யாரு எவரு, எந்த ஊரு, எங்கெல்லாம் சுத்தி உங்க வீட்டுக்கு வந்துச்சுன்னு முதல்ல பாத்துரலாம்.

மேசையும் சூசையும்

சர்ச்சுல சொன்னது சரிதான். சூசை, ஜோசப், யோசேப்பு, யூசுஃப் எல்லாம் ஒரே பேரு. மூலம் எபிரேய மொழி. அங்கே 'யோசேஃப்'. அரபிக்குப் போனப்ப யூசுஃப். இத்தாலியில ஜுசெப்பே. ஸ்பெயின்ல ஹொசே. ரஷ்யாவில ஈயோசிஃப். பக்கத்துல பாலக்காட்டு கணவாயைத் தாண்டினா ஔசேப்பு.

அப்ப சூசை? அது கப்பல்ல வந்த பேரு. 16-ஆம் நூற்றாண்டுல போர்ச்சுகீசியர்கள் நம்ம முத்துக்குளித்துறைப் பக்கம் வந்தாங்க. அவங்க ஊர்ல இந்தப் பேரு 'ஜோசே'. அவங்க சொன்ன 'மேசா'வை நாம மேசை ஆக்கினோம். 'ஜனேலா'வை ஜன்னல் ஆக்கினோம். 'ஷாவே'யைச் சாவி ஆக்கினோம். அதே கையோட ஜோசேயைச் சூசை ஆக்கினோம். ஃபுட்பால் பாக்கறவங்களுக்கு ஒரு தகவல்: ஜோசே மொரின்யோ தூத்துக்குடியில பொறந்திருந்தா நாம அவரை 'சூசை மொரின்யோ'ன்னுதான் கூப்பிட்டிருப்போம். 1998-ல இலக்கிய நோபல் வாங்கின ஜோசே சரமாகோவும் நம்ம கணக்குல சூசைதான்.

அதனால தம்பி, 'ஜோசப் ஒரிஜினல், சூசை அதோட பட்டிக்காட்டு வெர்ஷன்'னு மட்டும் நினைச்சுராதே. ஜோசப் இங்கிலீஷ்காரன் நாக்குல புரண்டு வந்தது. சூசை போர்ச்சுகீசியன் நாக்குல புரண்டு, அப்புறம் தமிழன் நாக்குலயும் புரண்டு வந்தது. ரெண்டுமே ஒரிஜினல் இல்ல. ரெண்டுல எது நம்ம ஊருக்கு முதல்ல வந்துச்சுன்னு கேட்டா, சூசைதான் சீனியர்!

கழித்தலும் கூட்டலும்

இப்ப அர்த்தத்துக்கு வருவோம். பைபிளின் ஆதியாகமத்துல ராகேல்னு ஒரு அம்மா. யாக்கோபோட மனைவி. அக்கா லேயாளுக்கு வரிசையா குழந்தைங்க. இவளுக்கு வருஷக்கணக்கா இல்ல. அந்தக் காலத்துல குழந்தை இல்லாத பொண்ணு என்னென்ன பேச்சு கேட்டிருப்பான்னு நம்ம ஊர்க்காரங்களுக்குச் சொல்லணுமா? கடைசியில ஒரு பையன் பொறக்கறான். அப்ப அவ ரெண்டு விஷயம் சொல்றதா வருது. ஒண்ணு, என் அவமானத்தைக் கடவுள் எடுத்துட்டார். எபிரேயத்துல 'எடுத்துட்டார்'ங்கறதுக்கு வர்ற சொல் 'ஆசாஃப்'. ரெண்டாவது, இன்னொரு மகனையும் கூட்டித் தரட்டும். 'கூட்டட்டும்'ங்கறதுக்கு வர்ற சொல் 'யோசேஃப்'. ரெண்டும் காதுக்குக் கிட்டத்தட்ட ஒண்ணு மாதிரி ஒலிக்குது. அந்த ரெட்டை ஒலியில விளையாடித்தான் பேரு வெக்கறா.

பாத்தியா? பேருக்குள்ளயே ஒரு கழித்தல், ஒரு கூட்டல். கழிச்சது அவமானம். கூட்டினது வாழ்க்கை. உலகத்துல ஆயிரம் பேரு இருக்கு. அவமானம் போச்சுன்னு சொல்லி வெச்ச பேரையே அவமானம்னு ஒளிச்சு வெச்சிருக்கியே தம்பி, இதை என்னன்னு சொல்றது!

இத்தாலிக்காரர் வெச்ச தமிழ்ப் பேரு

இந்தப் பேரோட அர்த்தத்தைப் பிடிச்சு, அதை அப்படியே தமிழாக்கினவர் ஒருத்தர் இருக்கார். நமக்கெல்லாம் ஸ்கூல் தமிழ்ப் புத்தகத்துலயே பழக்கம். வீரமாமுனிவர். 1680-ல இத்தாலியில பொறந்தவர். சொந்தப் பேரு கான்ஸ்டன்டைன் ஜோசப் பெஸ்கி. ஆமாங்க, அவரும் ஒரு சூசை!

இங்கே வந்து தமிழ் படிச்சு, சதுரகராதின்னு அகராதி போட்டு, 'பரமார்த்த குரு கதை' எழுதிச் சிரிக்க வெச்சு, 1726-ல 'தேம்பாவணி'ன்னு ஒரு பெருங்காப்பியமே பாடிட்டார். 3 காண்டம், 36 படலம், 3,615 பாட்டு. அதோட ஹீரோ யாரு? ஏசுவை வளர்த்த தச்சர் சூசையப்பர். தன் பேரையே கொண்ட ஒருத்தரை ஹீரோவா வெச்சவர், காப்பியத்துல அவருக்கு வெச்ச தமிழ்ப் பேரு என்ன தெரியுமா? வளன்! 'கூட்டுவார், பெருக்குவார்'ங்கற எபிரேய அர்த்தத்தைத் தமிழ்ல வளம்னு பிடிச்சு, அதுலயிருந்து வளன்.

திருச்சி செயின்ட் ஜோசப்ஸ் காலேஜ் தெரியும்ல? 1844-ல நாகப்பட்டினத்துல ஆரம்பிச்சு, 1883-ல திருச்சிக்கு வந்த காலேஜ். அப்துல் கலாம் பிசிக்ஸ் படிச்சது அங்கேதான். அந்தக் காலேஜோட தமிழ்ப் பேரு தூய வளனார் கல்லூரி. அந்த வளனாரும் உங்கப்பாவும் ஒரே பேருக்காரங்க.

இன்னொரு வேடிக்கை. அந்தக் காலச் சுவடியில குறில் எ, நெடில் ஏ, குறில் ஒ, நெடில் ஓ இதையெல்லாம் பிரிச்சு அடையாளம் காணற சிக்கலைத் தீர்த்தவர்னு நாம படிக்கறது வீரமாமுனிவரைத்தான். கொம்புக்கு மேல சுழிச்சு நெடிலுக்குத் தனி அடையாளம் கொடுத்தார். இப்ப 'யோசேப்பு'ன்னு எழுதிப் பாரு. 'யோ'வுல ஒரு இரட்டைச் சுழி, 'சே'யில ஒரு இரட்டைச் சுழி. ஜோசப் பெஸ்கி செஞ்ச சீர்திருத்தம் இல்லேன்னா யோசேப்பைத் தமிழ்ல எழுதினாலும் சந்தேகம் இல்லாமப் படிச்சிருக்க முடியாது!

கூட்டத் தெரிஞ்சவர், கழிச்சுக் காட்டினவர்

பி.காம். படிக்கற தம்பிக்குன்னே ஒரு ஜோசப். ஜே.சி.குமரப்பா. முழுப் பேரு ஜோசப் செல்லத்துரை. 1892-ல தஞ்சாவூர்ல பொறந்தார். லண்டன்ல ஆடிட்டர் படிப்பு, பம்பாய்ல பிராக்டீஸ், அப்புறம் அமெரிக்காவுல கொலம்பியா யுனிவர்சிட்டி. கோட்டு, சூட்டு, டை. இந்தியா ஏன் ஏழையா இருக்குன்னு வரவு செலவைக் கூட்டிக் கழிச்சுப் பாத்தவர், 1929-ல காந்தியைப் பாத்தார். அதோட கதருக்கு மாறிட்டார். 1934-ல கிராமத் தொழில் சங்கம் ஆரம்பிச்சப்ப அதை நடத்தற பொறுப்பு இவர்கிட்ட. கார்னீலியஸ்ங்கற குடும்பப் பேரை விட்டுட்டு, குமரப்பாங்கற பழைய குடும்பப் பேருக்குத் திரும்பினார். ஆனா ஜோசப்போட 'ஜே'யை மட்டும் விடலை.

இயற்கை கிட்டயிருந்து எடுக்கறதை, அது திரும்ப நிரப்பிக்க முடியற அளவுக்கு எடுத்தாதான் பொருளாதாரம் நிலைக்கும்னு அவர் எழுதின புத்தகம் வெளிவந்தது 1945-ல. அதை அன்னைக்கு யாரும் பெருசா கண்டுக்கல. 2011 ஜனவரியில, நொய்யல் கெட்டதுக்காகத் திருப்பூர் சாயப்பட்டறைகளை மூடச் சொல்லி சென்னை உயர் நீதிமன்றம் உத்தரவு போட்டுச்சு. அந்த நேரத்துல வேலையில்லாம வீட்டுல உக்காந்த குடும்பங்களுக்கு, குமரப்பா போட்ட கணக்கு என்னன்னு யாரும் பாடம் எடுக்க வேண்டியிருந்திருக்காது. கடைசிக் காலத்தை மதுரை பக்கம் தே.கல்லுப்பட்டி காந்தி நிகேதன்ல கழிச்சார். 1960-ல காலமானார். தேதி ஜனவரி 30. காந்தி சுடப்பட்ட அதே தேதி.

கடலுக்கு அந்தப் பக்கம் இன்னொரு யோசேப்பு. மன்னார் ஆயரா இருந்த இராயப்பு யோசேப்பு. 2009-ல இலங்கையில போர் முடிஞ்சப்புறம், 2011 ஜனவரியில அரசு விசாரணைக் குழு முன்னாடி போய் உக்காந்தார். கோபமா மேடைப் பேச்சு எதுவும் பேசலை. வெளியான எண்களையே எடுத்து ஒரு கழித்தல் போட்டார். 2008 அக்டோபர்ல வன்னியில இருந்தவங்க 4,29,059 பேர். அரசுக் கட்டுப்பாட்டுக்குள்ள வந்து சேர்ந்தவங்க 2,82,380 பேர். மிச்சம் 1,46,679 பேர் எங்கேன்னு கேட்டார். மூணாங்கிளாஸ் கணக்கு. ஆனா அதை அந்த நாட்டுல, அந்த வருஷத்துல, அந்த இடத்துல உக்காந்து கேக்க எவ்வளவு நெஞ்சுரம் வேணும்! 2021 ஏப்ரல்ல அவர் காலமாகற வரைக்கும் அந்தக் கேள்விக்குப் பதில் வரலை. கூட்டுவார்னு அர்த்தம் உள்ள பேரைச் சுமந்தவர், கழிஞ்சு போனவங்களை மறக்க விடாமப் பாத்துக்கிட்டார்.

ரோசாப்பூவும் கான் சாகிபும்

கொஞ்சம் மதுரைக்குப் போவோமா? ஜார்ஜ் ஜோசப்னு ஒரு பாரிஸ்டர். 1887-ல கேரளாவுல செங்கன்னூர்ல பொறந்தவர், வக்கீல் தொழில் பாத்தது மதுரையில. 1918-ல மதுரை மில் தொழிலாளர்களுக்குச் சங்கம் கட்டறதுல முன்னாடி நின்னவர். குற்றப்பரம்பரைச் சட்டம்னு ஒரு கொடுமை இருந்துச்சு. ஒரு சாதியில பொறந்துட்டாலே குற்றவாளின்னு எழுதி, கைரேகை வாங்கி, ராத்திரியில போலீஸ் கண்ணு முன்னாடி படுக்க வெச்ச சட்டம். பிரமலைக்கள்ளர் மக்கள் மேல அது பாய்ஞ்சப்ப, அவங்களுக்காகப் பேசியும் எழுதியும் கோர்ட்டுல வாதாடியும் நின்னவர் இவர்.

அந்த மக்கள் இவரைக் கூப்பிட்டது 'ரோசாப்பூ துரை'. ஜோசப்ங்கறது கிராமத்து வாயில விழுந்து ரோசாப்பூ ஆச்சுன்னு ஒரு பேச்சு. பேரைச் சரியா சொல்ல வராதவங்க அதைப் பூவாக்கிட்டாங்க, அவ்வளவுதான். பிள்ளைகளுக்கும் ரோசாப்பூன்னு பேரு வெச்சாங்க. கேலி பண்றவங்க வாயில சூசை 'சூ' ஆகுது, அன்பு வெச்சவங்க வாயில ஜோசப் ரோசாப்பூ ஆகுது. சிக்கல் பேருல இல்ல மாப்ளே, வாயில இருக்கு!

அதே மதுரையில அதுக்கு நூத்தி அம்பது வருஷம் முன்னாடி ஒரு யூசுஃப். மருதநாயகம்! கமல் படம்னா எல்லாருக்கும் ஞாபகம் வரும். 1997-ல எலிசபெத் ராணியே வந்து நின்ன தொடக்க விழா, அப்புறம் முடியாமலே நின்னுபோன படம். நெஜ மருதநாயகத்தோட பேரு முகமது யூசுஃப் கான். இங்கிலீஷ் கம்பெனிப் படையில சிப்பாயா சேர்ந்து, தளபதியாகி, மதுரையை ஆண்டு, கடைசியில கம்பெனியையும் ஆற்காட்டு நவாபையுமே எதிர்த்தவர். 1764 அக்டோபர் 15-ல மதுரையில தூக்குல போட்டாங்க. மக்கள் அவரைக் 'கான் சாகிபு'ன்னு கும்மியிலயும் கதைப்பாட்டுலயும் பாடினாங்க.

யூசுஃப்ங்கற பேரைக் கேட்டா நம்ம முஸ்லிம் ஃப்ரெண்ட்ஸுக்கு முதல்ல ஞாபகம் வர்றது குர்ஆன். அதோட 12-ஆம் அத்தியாயத்துக்கே பேரு 'யூசுஃப்'. 111 வசனம். ஒருத்தர் கதையை முதல்லயிருந்து கடைசி வரைக்கும் ஒரே ஓட்டமா சொல்ற அத்தியாயம். திருப்பூர்ல ஒரே லைன்ல பக்கத்துப் பக்கத்து மிஷின்ல ஒரு சூசையும் ஒரு யூசுஃபும் உக்காந்து தைச்சா, ரெண்டு பேருக்கும் ஒரே பேருன்னு சூப்பர்வைசருக்குத் தெரியாது. அவங்களுக்கே தெரியுமாங்கறது டவுட்டு!

சி.ஜோசப் விஜய்

"அண்ணா, இதெல்லாம் பழைய கதை"ன்னு தம்பி முணுமுணுக்கறது கேக்குது. சரி, நம்ம தளபதிக்கு வர்றேன்.

2017 அக்டோபர். 'மெர்சல்' ரிலீஸ் டைம். ஜி.எஸ்.டி. வசனம் பெரிய சர்ச்சை ஆச்சு. அந்தச் சூட்டுல, நடிகரோட முழுப் பேரு ஜோசப் விஜய்னு ஒரு கட்சிக்காரர் சுட்டிக் காட்டினார். சொன்ன விதம் வாழ்த்து மாதிரி இல்லைன்னு எல்லாருக்கும் புரிஞ்சுது. சில நாள்ல விஜய் நன்றி சொல்லி ஒரு அறிக்கை விட்டார். பேரைப் பத்தி அதுல ஒரு சண்டையும் இல்ல, விளக்கமும் இல்ல. லெட்டர்பேடுல மட்டும் 'சி.ஜோசப் விஜய்'னு இருந்துச்சு. அவ்வளவுதான். சமூக வலைத்தளம் அலறிருச்சு.

அரசியலை விடுங்க, அவரைப் பிடிக்குமா பிடிக்காதாங்கறதையும் விடுங்க. ஒருத்தர் உங்க பேரையே கல்லா எடுத்து உங்க மேல வீசினா என்ன செய்யணும்ங்கறதுக்கு இதைவிடச் சின்னப் பதில் நான் பாத்ததில்லை. அந்தப் பேரைப் போட்டு, கீழே கையெழுத்துப் போட்டுட்டுப் போயிரணும். அந்த 'சி' யாருன்னு கவனிச்சீங்களா? அப்பா சந்திரசேகர்.

அப்பா பேரு இனிஷியல்ல நின்னு ஜெயிச்ச கதை இன்னொண்ணும் இருக்கு. கே.ஜே.யேசுதாஸ். நடுவுல இருக்கற 'ஜே' அவரோட அப்பா அகஸ்டின் ஜோசப். அவரும் பாடகர், நாடக நடிகர். அந்த ஒத்தை எழுத்தைச் சுமந்துக்கிட்டுத்தான் மகன் பல ஆயிரம் பாட்டுப் பாடினார்.

பதினேழு வயசுப் பையன்

கடைசியா, இந்தப் பேரோட முதல் சொந்தக்காரன் கதை. ராகேல் பெத்த யோசேப்பு. கதை தொடங்கறப்ப அவனுக்கு வயசு 17. ஃபர்ஸ்ட் இயர் பையன்! அப்பா அவனுக்கு மட்டும் ஸ்பெஷலா ஒரு அங்கி தைச்சுக் கொடுக்கறார். பல நிறம்னு சிலர் சொல்றாங்க, நீளக் கைன்னு சிலர் சொல்றாங்க. மொத்தத்துல இந்தக் கதையே ஒரு துணியில தொடங்குது. திருப்பூர்க்காரங்க கவனிக்கணும்! அண்ணன்களுக்கு வயித்தெரிச்சல். அங்கியை உருவிட்டு, 20 வெள்ளிக்காசுக்கு அவனை வித்துடறாங்க. அங்கியில ஆட்டு ரத்தத்தைத் தோய்ச்சு அப்பாகிட்டக் காட்டறாங்க. மகனை மிருகம் தின்னுருச்சுன்னு அந்தக் கிழவர் நம்பிடறார்.

பையன் எகிப்துல அடிமை, அப்புறம் கைதி, அப்புறம் 30 வயசுல நாட்டுக்கே ரெண்டாம் இடத்து அதிகாரி. ஏழு வருஷ விளைச்சலைச் சேத்து வெச்சு, ஏழு வருஷப் பஞ்சத்தைச் சமாளிச்ச ஆளு. ராஜா அவனுக்கு எகிப்து ஸ்டைல்ல புதுப் பேரு வெக்கறார். புது டிரஸ், புது பாஷை, புதுப் பேரு. பொறந்த முதல் பையனுக்கு அவன் வெச்ச பேரு மனாசே. அர்த்தம் என்ன தெரியுமா? மறக்கச் செஞ்சார். என் கஷ்டத்தையும் என் அப்பா வீட்டையும் மறக்க வெச்சார்னு சொல்லி வெச்ச பேரு.

யோசிச்சுப் பாரு தம்பி. அவனும் அப்பா வீட்டை மறக்கப் பாத்தவன்தான். அவனுக்கும் ஒரு 'ஸ்டீபன்' பேரு இருந்துச்சு.

பஞ்சத்துல தானியம் வாங்க அண்ணன்கள் வர்றாங்க. அவங்களுக்கு இவனை அடையாளம் தெரியல. பேரு வேற, உடுப்பு வேற. இவன் நினைச்சா அப்படியே விட்டிருக்கலாம். ஒரு கட்டத்துல தாங்க முடியல. மத்த எல்லாரையும் வெளிய அனுப்பிட்டு, ஓன்னு அழுதுட்டு, தான் யோசேப்புன்னு சொல்றான். பழைய பேரைச் சொன்ன அடுத்த மூச்சுல அவன் கேக்கற முதல் கேள்வி, அப்பா இன்னும் உயிரோட இருக்காராங்கறதுதான்.

பேரைத் திரும்ப எடுத்ததும் அப்பா ஞாபகம் வந்துருச்சு பாத்தியா? ரெண்டும் ஒரே முடிச்சு. ஒண்ணை அவிழ்த்தா இன்னொண்ணும் அவிழ்ந்துரும்.

ஒரு ஃபோன் கால்

இப்ப பிராக்டிகலா பேசுவோம். அப்பா பேரை மாத்த மகன் மனுப் போட முடியாது. அப்பாவே விண்ணப்பிச்சு, அப்பாவே கையெழுத்துப் போடணும். அதோட முடியாது. ஆதார், பேங்க் கணக்கு, பி.எஃப். கணக்கு மூணுலயும் பேரு ஒரே மாதிரி இருந்தாத்தான் பி.எஃப். பணம் சிக்கல் இல்லாம கைக்கு வரும். ஒண்ணுல ஜோசப், ஒண்ணுல சூசைன்னு இருந்தா, இருபது வருஷ ஓவர்லாக் மிஷின் சத்தத்துல சேத்த காசுக்கு அவர் ஆபீஸ் ஆபீஸா அலையணும். கேன்டீன்ல நாலு பேரு சிரிப்பை நிறுத்த, அப்பாவுக்கு இவ்வளவு வேலை வெக்கலாமா?

இதைச் சொல்லலாம்னு தம்பி கொடுத்த நம்பருக்கு ஞாயித்துக்கிழமை ஃபோன் பண்ணினேன். எடுத்தது அப்பா.

"யாருங்க?"

பத்திரிகையிலிருந்துன்னு சொன்னேன். மெயில் விஷயத்தை மூச்சு விடலை. பேருங்களைப் பத்தி எழுதறோம், உங்க பேரைத் தெரிஞ்சுக்கலாமான்னு மட்டும் கேட்டேன்.

"சூசைங்க."

ஒரு நொடி தயக்கம் இல்ல. யாரு வெச்சாங்கன்னு கேட்டேன்.

"எங்க அப்பாரு வெச்சதுங்க. நான் பொறந்தது மார்ச்சு பத்தொம்பது. சூசையப்பர் திருநாளுங்க. அவரும் நம்மளாட்டம் வேலைக்காரர்தானுங்களே, தச்சு வேலை. எங்க அப்பாருக்கு அதுல ஒரு சந்தோசம்ங்க."

சூசையப்பருக்கு இன்னொரு திருநாளும் இருக்குங்க, 1955-ல போப் பன்னிரண்டாம் பயஸ் அவரைத் தொழிலாளர்களோட பாதுகாவலரா வெச்சு மே 1-ஐயும் அவர் நாளாக்கினார்னு சொன்னேன். மறுமுனையில சின்னச் சிரிப்பு.

"அப்படிங்களா? மே ஒண்ணு எங்களுக்குக் கம்பெனி லீவுங்க. பையன்கிட்டச் சொல்றேனுங்க. அவன்தான் இதெல்லாம் படிக்கறவன்."

தம்பி, இந்த வாரப் பகுதி உன் கைக்கு வர்றது சனிக்கிழமை. அன்னைக்கு ராத்திரி பஸ்ல அப்பாவும் வருவார். இதைப் படிச்சுக் காட்டறதும் காட்டாததும் உன் இஷ்டம். கெஜட்டும் உன் இஷ்டம், அப்பா இஷ்டம். நான் கேக்கறது ஒண்ணே ஒண்ணு. திங்கக்கிழமை கேன்டீன்ல எவனாவது "சூ..."ன்னு ஆரம்பிச்சா, பாதியில விடாதே. மீதி எழுத்தையும் நீயே சொல்லி முடி.

அப்புறம் ஃப்ரெண்ட்ஸ், உங்க இனிஷியலுக்குப் பின்னாடி யாரு ஒளிஞ்சிருக்காங்க? மூணு வரியில எழுதி அனுப்புங்க. அடுத்த வாரம் இன்னொரு பேரோட மீட் பண்ணலாம்!